வேடமும் வாய்மையும்

'நடிப்பு' என்னும் சொல் நம் தமிழில் இருமுகம் கொண்டது. மேடையில் ஒருவர் திறம்பட நடித்தால் கைதட்டிப் பாராட்டுகிறோம். வீட்டிலோ கடைத்தெருவிலோ ஒருவரைச் சுட்டி, 'அவர் நடிக்கிறார்' என்று சொன்னால் அது வசையாகிவிடுகிறது. ஒரே சொல் ஓரிடத்தில் புகழாகவும் பிறிதோரிடத்தில் பழியாகவும் நிற்பானேன்? தனக்கு நேராத துயரைத் தனதெனக் காட்டுகிற நடிகனும், தன்னிடம் இல்லாத நட்பை இருப்பதாகக் காட்டுகிற வஞ்சகனும் செய்வது ஒன்றேதானா? ஒன்றே எனில், நடிகனைப் பாராட்டும் நாம் பொய்யைப் பாராட்டியவர் ஆவோம். வேறு எனில், அந்த வேறுபாடு எங்கே இருக்கிறது என்பதை நாம் அறிந்தாக வேண்டும்.

நமக்கு இவ்வினா வெறும் கலை விசாரம் அன்று. உள்ளத்தில் ஒன்றும் உதட்டில் ஒன்றுமாக வாழ்வதை நம் மார்க்கம் எவ்வளவு கடுமையாகக் கண்டிக்கிறது என்பதை நாம் அறிவோம். திருமறையின் 63-ஆவது அத்தியாயம் நயவஞ்சகர்களின் பெயராலேயே அமைந்துள்ளது. பொய்யுரைத்தல், வாக்கு மீறுதல், அமானிதத்தில் மோசம் செய்தல் ஆகியவற்றை நயவஞ்சகனின் அடையாளங்களாக நபிகள் நாயகம் (ஸல்) அவர்கள் எடுத்துக் காட்டினார்கள். வள்ளுவரும் 'கூடாவொழுக்கம்' என ஓர் அதிகாரம் வகுத்துத் தவவேடத்தில் மறைந்து வாழ்வோரைச் சாடுகிறார். வேடம் என்றாலே ஐயுறும் மரபில் வந்தவர்கள் நாம்.

திரைப்படம் பார்ப்பது கூடுமா, கூடாதா என்று தீர்ப்பளிப்பது இக்கட்டுரையின் நோக்கமன்று. அது ஆலிம் பெருமக்களின் பணி. நாம் எடுத்துக்கொண்ட வினா அதனினும் குறுகியது: பிறர் உருவை ஏற்றுக் காட்டும் ஒரு மனிதன் வாய்மையுடையவனாக இருத்தல் இயலுமா? இவ்வினாவைக் காற்றில் தொங்கவிட்டுப் பேசுவதை விட, ஒரு மனிதரின் வாழ்வில் வைத்துப் பார்ப்பதே தக்கது. அதற்கு நாம் தேர்ந்தெடுக்கும் மனிதர், இந்தித் திரையுலகில் ஏறத்தாழ கால் நூற்றாண்டு நடித்த பல்ராஜ் சாஹ்னி.

அவர் 1913-ஆம் ஆண்டு மே மாதம் முதல் நாளில், இன்று பாகிஸ்தானில் உள்ள ராவல்பிண்டியில் பிறந்தார். ஆரிய சமாஜப் பற்றுள்ள குடும்பம். பெற்றோர் முதலில் இட்ட பெயர் யுதிஷ்டிரர். பாரதக் கதையில் வாய்மைக்குப் பெயர்போன தருமரின் பெயர் அது. பின்னாளில் வேடம் புனைவதையே தொழிலாகக் கொள்ளவிருந்த பிள்ளைக்கு அப்பெயர் வாய்த்ததை எண்ணி நாம் புன்னகை கொள்ளலாம். ஆனால் அவர் வாழ்வை முழுதும் பார்த்தால் அப்பெயர் பொருத்தமற்றது என்று சொல்லத் தோன்றவில்லை.

லாகூர் அரசினர் கல்லூரியில் ஆங்கில இலக்கியம் பயின்று முதுகலைப் பட்டம் பெற்றார். 1930-களின் பிற்பகுதியில் தாகூரின் சாந்திநிகேதனில் ஆசிரியராகப் பணி செய்தார். சேவாகிராமத்தில் காந்தியடிகளின் ஆதாரக் கல்விப் பணியிலும் சிறிது காலம் ஈடுபட்டார். இரண்டாம் உலகப்போரின்போது இலண்டனில் பி.பி.சி. வானொலியின் இந்தி அறிவிப்பாளராக இருந்தார். நாடு திரும்பியபின் பம்பாயில் இந்திய மக்கள் நாடக மன்றத்தில் சேர்ந்தார். நடிகராவதற்கு முன்பே அவர் எழுத்தாளர். இந்தியில் சிறுகதைகள் எழுதியவர்.

சாந்திநிகேதனில் இருந்த நாளில் தாகூர் அவரிடம், தாய்மொழியாகிய பஞ்சாபியில் ஏன் எழுதுவதில்லை என்று கேட்டார். பிற மொழியில் எவ்வளவு எழுதினாலும் தன் மக்களிடமே திரும்ப வேண்டும் என்பது அம்மகாகவியின் அறிவுரை. இளைஞரான சாஹ்னிக்கு அது அப்போது உவப்பாக இல்லை. ஆனால் பின்னாளில் பஞ்சாபியிலேயே எழுதத் தொடங்கினார். குர்முகி எழுத்துத் தட்டச்சுப் பொறியைப் படப்பிடிப்புக்கும் உடன் கொண்டு செல்வாராம். பாகிஸ்தான் பயணம், ரஷ்யப் பயணம், தம் திரைவாழ்வு ஆகியவை பற்றி அவர் எழுதிய நூல்கள் உண்டு. பிறர் எழுதிய சொற்களைத் திரையில் பேசிய ஒருவர், தம் சொந்தச் சொல்லுக்காக இவ்வளவு உழைத்தார் என்பதை நாம் கருதுதல் வேண்டும். தனக்கென ஒரு முகம் உடையவனே பிறர் முகத்தை நாணயமாக ஏற்க முடியும். தனக்கென முகம் ஏதும் இல்லாதவன் ஏற்பதெல்லாம் முகமூடியே.

அவர் நடித்த படங்களில் குறிப்பிடத்தக்கவை பல இலக்கியத்திலிருந்து பிறந்தவை. 1946-இல் குவாஜா அகமது அப்பாஸ் இயக்கிய 'தர்தி கே லால்', 1943-ஆம் ஆண்டு வங்கப் பஞ்சத்தைப் பற்றியது. பிஜோன் பட்டாச்சார்யாவின் நாடகங்களையும் கிருஷன் சந்தரின் கதையையும் அடியாகக் கொண்டது. 1955-இல் வந்த 'கரம் கோட்', ராஜிந்தர் சிங் பேடியின் சிறுகதையிலிருந்து எழுந்தது. 1961-இல் வந்த 'காபூலிவாலா', தாகூரின் புகழ்பெற்ற கதை. பஞ்சத்தில் வாடும் உழவர், தொலைந்த ரூபாய் நோட்டுக்காக மனம் உளையும் எழுத்தர், மகளைப் பிரிந்து கல்கத்தாத் தெருக்களில் உலர்பழம் விற்கும் பட்டாணியர் என எளிய மனிதரையே இவ்விலக்கியங்கள் பேசின. சென்னை ஏவி.எம். நிறுவனம் 1957-இல் எடுத்த 'பாபி' போன்ற குடும்பப் படங்களிலும் அவர் நடித்தார். ஆயினும் அவர் பெயரை நிலைநிறுத்தியவை முன்னர்க் கூறிய வகைப் படங்களே.

அவற்றுள் 1953-இல் பிமல் ராய் இயக்கிய 'தோ பீகா ஜமீன்' நம் வினாவுக்கு நேரே விடை தருவது. 'இரண்டு பீகா நிலம்' என்பது அதன் பொருள். சம்பு என்னும் ஏழை உழவன் ஜமீன்தாரிடம் பட்ட கடன், தன் கணக்குப்படி 65 ரூபாய். ஜமீன் கணக்கோ 235 ரூபாய் எனக் காட்டுகிறது. கடனைத் தீர்க்க நீதிமன்றம் மூன்று மாதத் தவணை தருகிறது. சம்பு கல்கத்தா சென்று கைரிக்ஷா இழுக்கிறான். பட்ட பாடெல்லாம் வீணாகி, நிலம் ஏலம் போகிறது. அங்கே தொழிற்சாலை எழும்புகிறது. தன் மண்ணில் ஒரு பிடி அள்ளிக்கொள்ளவும் காவலன் அவனை விடுவதில்லை. 1954-ஆம் ஆண்டு கான் திரைப்பட விழாவில் இப்படம் பரிசு பெற்றது.

இலண்டனில் இருந்து வந்த, ஆங்கில இலக்கியம் கற்ற, உயரமும் சிவப்பு நிறமும் வாய்ந்த ஒருவர் பட்டினி உழவனாக நடிக்க இயலுமா என்று பலர் ஐயுற்றனர். அவருக்கே ஐயம் இருந்தது. பம்பாயில் பால் வியாபாரம் செய்துவந்த வடநாட்டு எளியோரின் நடையையும் இருப்பையும் போய்ப் போய்ப் பார்த்தார். கல்கத்தாவில் வெறுங்காலுடன் ரிக்ஷா இழுத்துப் பழகினார். அந்த உடையில் ஒரு கடையின் முன் நின்றபோது கடைக்காரர் அவரை ஏழை எனக் கருதி விரட்டினார். அவ்வளவு செய்தும், தாம் செய்வது வெறும் பாவனை என்னும் சோர்வு அவரை விட்டு நீங்கவில்லை.

அந்நிலையில் ரிக்ஷா இழுக்கும் ஒரு நடுவயதினர் அவரிடம் வந்து, இங்கே என்ன நடக்கிறது என்று வினவினார். சாஹ்னி படத்தின் கதையைச் சொன்னார். கேட்டுக்கொண்டிருந்தவர் கண்ணீர் விட்டார். பீகாரில் தமக்கும் இரண்டு பீகா நிலம் இருந்ததையும், அது ஜமீன்தாரிடம் அடகில் கிடப்பதையும், அதை மீட்கவே பல்லாண்டுகளாக இந்நகரில் ரிக்ஷா இழுப்பதையும் அவர் கூறினார். தாம் படித்த நடிப்புக் கோட்பாடுகளையெல்லாம் அக்கணமே ஒதுக்கிவிட்டு, அம்மனிதரின் உயிரைத் தமக்குள் வாங்கிக்கொண்டதாகச் சாஹ்னி தம் திரைவாழ்வு நூலில் எழுதினார். அம்மனிதரின் கதையை உலகுக்கு எடுத்துச் சொல்லும் பொறுப்பு தம்மிடம் வந்து சேர்ந்ததாக அவர் உணர்ந்தார்.

இதனை நாம் நம் சொல்லால் கூறுவதானால், அது ஓர் அமானிதம். பிறர் ஒப்படைத்த பொருளைக் குறைவின்றி உரிய இடத்தில் சேர்ப்பதே அமானிதம் பேணுதல். பொருளுக்கு மட்டுமன்று, துயருக்கும் அமானிதம் உண்டு. ஒருவர் தம் துன்பத்தை நம்மிடம் சொல்லும்போது அதைப் பெருக்கிச் சொல்லவோ, நகைப்புக்கு இடமாக்கவோ, நம் பெருமைக்குப் பயன்படுத்தவோ நமக்கு உரிமை இல்லை. கண்டது கண்டபடி கொண்டுபோய்ச் சேர்த்தலே கடமை.

இங்கேதான் நடிகனுக்கும் வஞ்சகனுக்கும் உள்ள வேறுபாடு புலப்படுகிறது. வஞ்சகன் தான் வேடம் இட்டிருப்பதை மறைக்கிறான். மறைத்தால்தான் அவன் எண்ணம் ஈடேறும். நடிகன் வேடத்தை மறைப்பதில்லை. கொட்டகைக்குள் நுழையும் சிறு பிள்ளைக்கும் இது நடிப்பு என்று தெரியும். வஞ்சகன் பிறர் நம்பிக்கையை எடுத்துத் தன் இலாபத்துக்கு ஆக்குகிறான். நல்ல நடிகன் தன் உடலையும் குரலையும் கொடுத்துப் பிறர் துயருக்கு ஓர் உருவம் தருகிறான். செயல்கள் எண்ணங்களைப் பொறுத்தே அமைகின்றன என்பது நாம் சிறுவயது முதல் கேட்டுவரும் நபிமொழி. வேடத்தையும் அந்த நிய்யத்தைக் கொண்டே அளத்தல் வேண்டும்.

ஆயினும் இங்கே ஒரு தடை எழுப்பப்படலாம். அது நியாயமான தடை. ரிக்ஷாக்காரரின் கதை படமாயிற்று, பரிசும் பெற்றது. நடிகருக்குப் புகழும் ஊதியமும் கிடைத்தன. பார்த்தவர்கள் கண்களைத் துடைத்துக்கொண்டு வீடு திரும்பினர். வெளியே நின்ற ரிக்ஷாவில் ஏறி அமர்ந்து, கூலியில் ஓரணா குறைக்கப் பேரம் பேசியவரும் அவர்களுள் இருந்திருப்பர். அவ்வாறாயின் ஏழையின் துயரை விற்றுக் காசாக்கியதைத் தவிர அங்கே நடந்தது என்ன?

இத்தடையைத் தட்டிக் கழிக்க நாம் விரும்பவில்லை. இரக்கம் என்பது உள்ளத்தில் தோன்றிக் கண்ணில் வழிந்து அங்கேயே முடிந்துவிடுமானால் அது ஒருவகை இன்பமே தவிர அறமாகாது. பசித்தவனின் படத்தைப் பார்த்து அழுவதால் பசி தீர்வதில்லை. எனவே நடிப்பின் வாய்மையை அளக்க நிய்யத் ஒன்றே போதாது. வேடத்தைக் களைந்தபின் அம்மனிதன் எவ்வாறு வாழ்ந்தான் என்பதையும் பார்க்க வேண்டும். நடிகனுக்கு மட்டுமன்று, பார்த்தவனுக்கும் இந்த அளவுகோல் பொருந்தும்.

சாஹ்னி இந்த அளவுகோலுக்குத் தம்மை உட்படுத்திக் கொண்டவர். தொழிலாளர் பக்கம் நின்றமைக்காகச் சிறை சென்றார். சிறையில் இருந்தபடியே அனுமதி பெற்று வந்து 'ஹல்சல்' என்ற படத்தில் நடித்தார். அப்படத்தில் அவர் ஏற்றது சிறை அதிகாரியின் வேடம். 1972-இல் டில்லி ஜவாஹர்லால் நேரு பல்கலைக்கழகத்தின் பட்டமளிப்பு விழாவில் பேசியபோது, விடுதலை பெற்ற நாட்டிலும் தாமாகச் சிந்திக்கும் துணிவின்றிப் பிறரைப் பார்த்து நடக்கும் அடிமை மனப்பான்மை நம்மை விட்டுப் போகவில்லை என்று இடித்துரைத்தார். தாம் சார்ந்த திரையுலகையும் அவ்விமரிசனத்திலிருந்து அவர் விலக்கவில்லை. நடிகர் ஒருவர் படித்தோர் அவையில் நின்று, 'நீங்களும் பாவனை செய்து வாழ்கிறீர்கள்' என்ற பொருள்படப் பேசியது, எண்ணிப் பார்க்கத்தக்க நிகழ்ச்சி.

அவர் பொதுவுடைமைக் கொள்கையர். நம் மார்க்க நம்பிக்கைகள் அவருடையவை அல்ல. அவ்வாறிருக்க அவரிடம் நாம் கற்க என்ன இருக்கிறது என்று சிலர் கேட்கலாம். அதற்கு விடையாக அமைவது அவர் கடைசியாக நடித்து முடித்த பெரும்படம். அதைப் பற்றிப் பேசுமுன் சிறிது வரலாற்றைச் சொல்லியாக வேண்டும்.

1947-இல் நாடு பிரிந்தபோது ஒரு கோடிக்கும் மேற்பட்ட மக்கள் வீடுவாசல் இழந்து எல்லை கடந்தனர். அவ்வாண்டு மார்ச் மாதத்திலேயே ராவல்பிண்டி மாவட்டத்தில் கொடிய கலவரங்கள் நடந்தன. அங்கே கொல்லப்பட்டோர் பெரும்பாலும் சீக்கியரும் இந்துக்களும். கொன்றவர்கள் முஸ்லிம் பெயர் தாங்கியவர்கள். இதனை மறைத்துப் பேசுவது வாய்மையாகாது. எல்லையின் இப்பக்கத்தில் நம்மவர்கள் பட்ட துயரும் அதற்குக் குறைந்ததன்று. சாஹ்னியின் குடும்பம் ராவல்பிண்டியில் இருந்த வீட்டை நிலையாக இழந்தது. அவருடைய தம்பி பீஷ்ம சாஹ்னி அக்கொடுமைகளை வைத்து 'தமஸ்' என்னும் நாவலை எழுதி, 1975-இல் சாகித்திய அகாதெமி விருது பெற்றார்.

பிறந்த மண்ணைப் பறிகொடுத்தவர் உள்ளத்தில் வெறுப்பு வேரூன்றினால் உலகம் அதை இயல்பென்றே கொள்ளும். ஆனால் சாஹ்னி 1960-களின் தொடக்கத்தில் பாகிஸ்தான் சென்று, தாம் படித்த லாகூரையும் பிறந்த ராவல்பிண்டியையும் மூதாதையர் ஊரான பேராவையும் பார்த்து வந்து, அப்பயணத்தைப் பஞ்சாபியில் நூலாக்கினார். அந்நூலில் பகை இல்லை. 'காபூலிவாலா'வில் அவர் ஏற்ற ரஹ்மத், மகளின் சிறு கையை மையில் தோய்த்துப் பதித்த தாளை மார்போடு வைத்துக்கொண்டு அயலூரில் அலையும் தந்தை. பட்டாணியர் என்றாலே முரடர், வட்டிக்கு விடுபவர் என்று எள்ளிய காலத்தில், அம்மனிதரைத் தந்தையாகப் பார்க்கச் செய்தது தாகூரின் எழுத்து. அதற்கு மூச்சும் நடையும் தந்தது சாஹ்னியின் நடிப்பு.

1973-இல் எம்.எஸ். சத்யு 'கரம் ஹவா' என்னும் படத்தை எடுத்தார். 'வெப்பக் காற்று' என்பது பெயரின் பொருள். இஸ்மத் சுக்தாயின் அச்சேறாத கதையொன்றைக் கொண்டு கைஃபி ஆஸ்மியும் ஷமா ஜைதியும் திரைக்கதை எழுதினர். ஆக்ராவில் காலணித் தொழிற்கூடம் நடத்தும் சலீம் மிர்ஸாவின் கதை அது. பிரிவினைக்குப்பின் உற்றார் ஒவ்வொருவராகப் பாகிஸ்தான் செல்கின்றனர். சலீம் மிர்ஸா போக மறுக்கிறார். வீடு அண்ணன் பெயரில் இருந்தமையால், அவர் போனதும் அது வெளியேறியோர் சொத்தாகக் கணிக்கப்பட்டுக் கைவிட்டுப் போகிறது. முஸ்லிம்கள் எப்போது புறப்பட்டுவிடுவார்களோ என்று வங்கி கடன் தர மறுக்கிறது. வாடகைக்கு வீடு கேட்டால் பெயரைக் கேட்டதும் கதவு சாத்தப்படுகிறது. அண்ணனுக்கு வீட்டின் வரைபடத்தை அனுப்பியது உளவு வேலை என்று வழக்கு வருகிறது. குற்றமற்றவர் என விடுதலையான பின்னும் தெருவில் பிறர் பார்க்கும் பார்வை மாறுவதில்லை. மகளின் மண வாழ்வுக் கனவு இருமுறை கலைந்து, அவள் தன் உயிரையே மாய்த்துக்கொள்கிறாள்.

முஸ்லிம்களால் வீடிழந்த ஊரிலிருந்து வந்த ஒருவர், தன் நாட்டிலேயே அயலாராக்கப்பட்ட ஒரு முஸ்லிமாக நடித்தார் என்பதே இதில் நாம் கவனிக்க வேண்டியது. ராவல்பிண்டியின் இழப்பை ஆக்ராவின் இழப்போடு எடைபோட்டு யாருடையது பெரிது என வழக்காடுவது எளிது. அன்றும் இன்றும் பலர் செய்துவருவது அதுவே. சாஹ்னி தம் இழப்பைக் கொண்டு எதிரில் இருப்பவரின் இழப்பைப் புரிந்துகொண்டார். தம் காயத்தை வெறுப்புக்கு இரையாக்காமல் பிறர் காயத்தை அறியும் கண்ணாக ஆக்கிக்கொண்டார். அப்படப்பிடிப்புக்குச் சற்று முன்னர்தான் அவர் தம் இளம் மகளை மரணத்துக்குக் கொடுத்திருந்தார். மகளின் உடலுக்கு முன் நிற்கும் சலீம் மிர்ஸா வாய்விட்டு அழுவதில்லை, ஒப்பாரியும் இல்லை. கல்லாகி நிற்கும் அந்த முகத்தில் நடிப்பு எங்கே முடிந்து வாழ்வு எங்கே தொடங்குகிறது என்று யாரால் சொல்ல முடியும்?

படம் நமக்கு உணர்த்துவது இன்னொன்றும் உண்டு. சலீம் மிர்ஸா இறைவன்மீது நம்பிக்கை கொண்டு எல்லாவற்றையும் பொறுத்துப் போகிறார். இடர் ஒவ்வொன்றும் வரும்போது, எல்லாம் சீராகும் என்கிறார். அவரது பொறுமை உயர்ந்ததே. ஆனால் பொறுமை என்பது எதுவும் செய்யாதிருத்தல் அன்று. ஒட்டகத்தைக் கட்டிவைத்துவிட்டே இறைவனிடம் பொறுப்புச் சாட்ட வேண்டும் என்பது நாம் கற்ற பாடம். இறுதியில் மனம் உடைந்து அவரும் குடும்பத்தோடு இரயில் நிலையம் நோக்கிக் குதிரை வண்டியில் புறப்படுகிறார். வழியில் வேலையும் வாழ்வும் கேட்டு ஊர்வலம் வருகிறது. மகன் அதில் சேர்கிறான். தந்தையும் பயணத்தைக் கைவிட்டு அம்மக்களோடு கலக்கிறார். ஸப்ர் என்னும் சொல்லுக்குள் நிலைத்து நிற்கும் துணிவும் அடங்கியுள்ளது என்பதை, அந்த முதியவர் வண்டியிலிருந்து இறங்கும் காட்சி ஒரு விரிவுரைக்கு நிகராக உணர்த்துகிறது.

அப்படத்திற்கான குரற்பதிவை முடித்த மறுநாள், 1973 ஏப்ரல் 13 அன்று, மாரடைப்பால் சாஹ்னி காலமானார். அறுபது வயது நிறைய இன்னும் பதினெட்டு நாட்களே இருந்தன. படத்தை அவர் பார்க்கவில்லை. தணிக்கைச் சான்று கிடைப்பதில் தாமதம் ஏற்பட்டு 1974-இல்தான் அது மக்கள் முன் வந்தது. தேசிய ஒருமைப்பாட்டுக்கான படம் என்ற வகையில் தேசிய விருதும் பெற்றது. அப்படத்தால் கிடைத்த புகழில் அவர் சுவைத்தது ஏதும் இல்லை. கூலி கைக்கு வருமுன்னே அமானிதத்தை உரியோரிடம் சேர்த்துவிட்டுப் போனவராக அவரை நாம் எண்ணலாம்.

இனி நம் பக்கம் திரும்புவோம். மேடை ஏறாத நடிகர்கள் நம்மிடையே எத்தனை பேர்! பள்ளிவாசலின் முதல் ஸஃப்பில் நின்று தொழுதுவிட்டு, பாகப்பிரிவினையில் சகோதரிக்குரிய பங்கை ஏமாற்றுபவர் யார் வேடத்தைப் புனைந்திருக்கிறார்? ஜகாத் வாங்க வரும் விதவையைப் பந்தலில் நிறுத்திப் புகைப்படம் எடுப்பவர் யாருக்காக நடிக்கிறார்? மையித்து வீட்டில் கண்ணைக் கசக்கிக்கொண்டே, கடன் பத்திரம் எங்கே இருக்கிறது என்று எண்ணிக்கொண்டிருப்பவரின் கண்ணீருக்கு என்ன பெயர்? முகஸ்துதிக்காகச் செய்யும் நற்செயலை நம் மார்க்கம் ஏன் அவ்வளவு அஞ்சச் சொல்கிறது என்பது இங்கே விளங்கும். அரங்கில் நடிப்பவனின் வேடம் படம் முடிந்ததும் கலைந்துவிடும். நாம் வாழ்வில் புனையும் வேடமோ கலைவதில்லை; நாளடைவில் அது முகத்தோடு ஒட்டி, நம் முகம் எது என்று நமக்கே தெரியாமல் போய்விடுகிறது.

அதே வேளையில், பிறர் நிலையில் தம்மை வைத்துப் பார்க்கும் பயிற்சி நம் மார்க்கத்துக்குப் புதியதன்று. நோன்பு என்பது என்ன? வசதி படைத்தவரும் பகற்பொழுதில் பசித்திருந்து பசித்தவரின் நிலையைத் தம் வயிற்றால் அறிகின்றனர். இஹ்ராம் என்பது என்ன? செல்வரும் வறியவரும் தைக்காத இரு துணிகளை உடுத்து ஒரே உருவில் நிற்கின்றனர். இவை வணக்கங்கள், நடிப்போடு ஒப்பிடத்தக்கவை அல்ல. ஆயினும் தன் நிலையை விட்டு இறங்கிப் பிறர் நிலையில் நின்று பாராதவன் உள்ளம் இளகுவதில்லை என்னும் உண்மையை இவ்வணக்கங்களிலும் நாம் காண்கிறோம். தனக்கு விரும்புவதைச் சகோதரனுக்கும் விரும்ப வேண்டும் என்ற கட்டளையை நிறைவேற்ற, முதலில் அச்சகோதரனின் இடத்தில் நின்று பார்க்கத் தெரிய வேண்டுமல்லவா?

ஆகவே நாம் தொடங்கிய வினாவுக்கு இவ்வாறு விடை கூறலாம். வேடம் தன்னளவில் பொய்யும் அன்று, மெய்யும் அன்று. அதை மறைக்கிறோமா, வெளிப்படையாக ஏற்கிறோமா? அதனால் பிறரிடமிருந்து எடுக்கிறோமா, பிறருக்குக் கொடுக்கிறோமா? அது கலைந்தபின் நம் ஒழுக்கத்தில் எஞ்சுவது என்ன? இம்மூன்று கேள்விகளே அதன் தன்மையைத் தீர்மானிக்கின்றன. திரையுலகில் பெரும்பகுதி இச்சோதனையில் தேறாது என்பதை நாம் மறுக்கவில்லை. காசுக்காகக் காமத்தையும் வன்முறையையும் காட்டும் படங்களுக்கு இக்கட்டுரை பரிந்துரையும் அன்று. ஆனால் தேறிய ஒருவரைக் கண்டால், அவர் எந்த முகாமிலிருந்து வந்தாலும், அதை ஒப்புக்கொள்வதே நீதி.

நம் பிள்ளைகள் முன்னெப்போதையும் விட மிகுதியாகப் படங்களிடையே வளர்கிறார்கள். திரையரங்குக்குப் போகாதே என்று சொல்லித் தடுத்த காலம் போய், கையகலக் கருவிக்குள்ளேயே எல்லாத் திரைகளும் வந்து அமர்ந்துவிட்டன. அவர்களுக்கு நாம் கற்பிக்க வேண்டியது பார்ப்பதற்குரிய ஒழுக்கம். ஒரு கதையில் வரும் ஏழைக்காக அழுத பிள்ளையிடம், 'நம் தெருவில் அப்படி யார் இருக்கிறார்?' என்று கேட்க வேண்டும். அயலாரின் துயரைக் கண்டு கலங்கிய பிள்ளையிடம், 'நம்மால் துயருற்ற அயலார் யாரேனும் உண்டா?' என்றும் கேட்க வேண்டும். இரண்டாம் கேள்வி கசப்பானது. ஆயினும் அதைக் கேட்கத் துணியாத வீட்டில் வாய்மை குடியிருக்காது.

மறுமையில் எல்லா வேடங்களும் கலையும் என்று நம்புகிறவர்கள் நாம். அந்நாளில் வாய்கள் மூடப்பட்டுக் கைகளும் கால்களும் சாட்சி சொல்லும் என்பது நம் நம்பிக்கை. அங்கே வசனம் உதவாது, பாவனை உதவாது. பிறர் துயருக்காக இந்தக் கைகள் செய்தது என்ன, அவர் வீட்டு வாசல்வரை இந்தக் கால்கள் நடந்தனவா என்பதே கேட்கப்படும். அக்கேள்விக்கு விடை தேடும் பொழுது இவ்வுலகில்தான் இருக்கிறது.